தலைமன்னாரின் மாலைக்கண் நாய்கள்

1

இந்த ஆவணியோடு நான் நோர்வேக்கு வந்து இருபத்தைந்து வருடம். வேலைத்தலத்தில் கேக் வெட்டினார்கள். நான் நாய்களின் மரபணுக்களை ஆராய்கிறவள் என்பதால் கேக்கை எலும்பு வடிவத்தில் செய்வித்திருந்தார்கள். எங்கள் பிரிவின் தலைவர் என் ஆராய்ச்சிகளை ஒவ்வொன்றாகச் சொல்லிப் புகழ்ந்தார். எல்லோரும் கை தட்டினார்கள். எனக்கு வதனியின் முகம்தான் நினைவில் வந்துகொண்டிருந்தது.

ஊரில் இருப்பவர்கள்தான் வெளிநாட்டில் இருப்பவர்களைப் பார்த்துப் பொறாமைப்படுவார்கள் என்று நாங்கள் நினைத்துக்கொள்கிறோம். எங்கள் படங்களை அதற்காகவே தெரிந்தெடுத்து அனுப்புகிறோம். நான் எழுதப்போவது மற்றப் பக்கத்தை. மன்னாரில் இருக்கிற ஒருத்தியின்மேல் எனக்குப் பொறாமை. அதனால் ஒரு பொய் சொன்னேன். அதன் பலன் என் மகளின் தலையில் விழுந்தது.

2

மன்னார்ப் பள்ளிமுனையில் எங்கள் வீடு கோயிலுக்குப் பின்னால் இருந்தது. அப்பா கடலுக்குப் போகிறவர். கரையில் நாய்கள் எந்நேரமும் கிடக்கும். கல்லெடுத்து எறிந்து துரத்தியதைத் தவிர அவற்றோடு எனக்கு ஒரு பழக்கமும் இல்லை. பேராதனைப் பல்கலைக்கழகத்துக்கு மிருக வைத்தியம் படிக்கப் போனதும் மிருகங்களில் இருந்த அன்பால் அல்ல. மனித வைத்தியத்துக்குப் புள்ளி போதவில்லை.

அங்கேதான் வதனி என் அறைத் தோழியானாள். மாந்தைப் பக்கத்து வயல் கிராமம் ஒன்றைச் சேர்ந்த சைவக் குடும்பம். சிறு வயதில் படகேறி இராமேஸ்வரம் போய், முகாமில் மூன்று வருடம் இருந்து திரும்பி வந்தவர்கள். நான் புத்தகத்தைப் பாடமாக்குவேன். அவள் புத்தகத்தைத் தலைக்கு வைத்துப் படுத்துவிட்டு, விடுதிப் படிக்கட்டில் கிடக்கும் நாய்களோடு போய் இருப்பாள்.

ஒருநாள் செய்முறை வகுப்புக்கு ஒரு தாய் நாயையும் ஆறு குட்டிகளையும் கொண்டுவந்தார்கள். வதனி குட்டிகளை ஒவ்வொன்றாகத் தூக்கிப் பார்த்தாள்.

"இதுகளுக்கு ரெண்டு தகப்பன், சேர்" என்றாள்.

வகுப்பே சிரித்தது. விரிவுரையாளர் சிரிக்கவில்லை. "எப்பிடிச் சொல்லுறீர்?" என்று கேட்டார்.

"மூண்டு குட்டிக்குப் பின்னங்கால்ல ஒரு விரல் கூட இருக்கு, சேர். தாய்க்கு இல்லை. மற்ற மூண்டுக்கும் இல்லை. தலையின்ர அமைப்பும் வேற."

அவர் இரத்தம் எடுத்துச் சோதிக்கக் கொடுத்தார். முடிவு வர ஒரு மாதம் எடுத்தது. இரண்டு தகப்பன்தான். அன்றைக்கு அவளைக் கட்டிப்பிடித்து வாழ்த்தியது நான்தான். அன்று முழுக்க எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை என்பது அவளுக்குத் தெரியாது.

கடைசி வருடம் நோர்வேயில் மரபணு ஆராய்ச்சி படிக்க ஒரு புலமைப்பரிசில் வந்தது. ஒரே ஓர் இடம். பட்டியலில் முதலாவது வதனி, இரண்டாவது நான். கடவுச்சீட்டுக்குப் பிறப்புச் சான்றிதழ் வேண்டும். அவளுடைய பிறப்புப் பதிவு இருந்த புத்தகம் சண்டையில் அழிந்துபோயிருந்தது. அனுமான வயதுச் சான்றிதழ் எடுக்கச் சொன்னார்கள். அதற்குக் கிராம சேவையாளரின் கடிதம். பிறகு, இந்தியாவில் இருந்த மூன்று வருடத்துக்கும் விளக்கக் கடிதம். மன்னாரிலிருந்து கொழும்புக்குப் போவதற்கே அப்போது ஆமிக்காரரிடம் பாஸ் எடுக்க வேண்டும். ஒவ்வொரு அரசாங்கக் கந்தோரிலும் மற்றக் கந்தோரின் முத்திரையைக் கேட்டார்கள். புலமைப்பரிசிலுக்குக் கொடுத்த தவணை முடிந்தது. என் சான்றிதழ்கள் எல்லாம் பிளாஸ்ரிக் கோப்பு ஒன்றில் வரிசையாக இருந்தன.

"நீ போ மெற்றி" என்றாள். என் பெயர் மெற்றில்டா. "ஒருத்தராவது போகவேணும்."

தவணையை இரண்டு கிழமை நீட்டித் தரும்படி நோர்வேக்கு எழுதிக் கேட்டிருக்கலாம். அப்படிக் கேட்கலாம் என்று எனக்குத் தெரியும். அவளுக்குத் தெரியாது. நான் சொல்லவில்லை.

3

ஒஸ்லோவுக்குத் தெற்கே ஒரு சிறிய நகரத்தில் இருக்கிறேன். காலை ஆறே முக்காலுக்கு பஸ். குளிர்காலத்தில் இருட்டோடு போய் இருட்டோடு வரவேண்டும். சாதி நாய்களில் பரம்பரையாக வரும் குருட்டுத்தன்மைதான் என் துறை. அந்த நோய் முதலில் இருட்டில் பார்க்கும் பார்வையைக் கெடுக்கும். பிறகு பகல் பார்வையையும் எடுத்துவிடும். மரபணுவில் எந்த இடத்தில் பிழை என்று கண்டுபிடித்தால், அந்தப் பிழையைச் சுமக்கும் நாய்களை ஒன்றோடொன்று சேர்க்காமல் விடலாம். அப்படி இரண்டு பிழைகளை நான் கண்டுபிடித்திருக்கிறேன். நாய் வளர்ப்போர் கூட்டங்களில் எனக்கு எழுந்து நின்று கைதட்டியிருக்கிறார்கள்.

ஆனால் நாய்கள் எனக்கு இரத்தம் அடைத்த, ஊதா மூடி போட்ட குழாய்களாகத்தான் வரும். ஒவ்வொன்றிலும் ஓர் எண். வீட்டில் நாய் இல்லை. கணவர் அன்ரனுக்கு நாய் மயிர் ஒத்துக்கொள்ளாது. "மம்மாவுக்கு நாயைப் பிடிக்காது, நாயின்ர ரத்தத்தைத்தான் பிடிக்கும்" என்று மகள் ஈவா பத்து வயதில் தன் வகுப்பில் சொல்லியிருக்கிறாள். ஆசிரியை அதைச் சிரித்துக்கொண்டே எனக்குச் சொன்னார்.

மொழியும் என்னை விட்டுவைக்கவில்லை. நோர்வேஜிய மொழியில் 'ஹுன்' என்றால் அவள். நாய்க்கும் 'ஹுன்' என்றுதான் காதில் விழும். எழுதும்போது மட்டும் கடைசியில் ஓர் எழுத்து கூடுதலாக வரும். ஈவா கைக்குழந்தையாக இருந்தபோது ஒருநாள் பிந்தி வேலைக்குப் போனேன். "அவளுக்குச் சுகமில்லை, விடிய விடிய அழுதாள்" என்று பக்கத்து மேசைக்காரரிடம் சொன்னேன். "என்ன வயது?" என்று கேட்டார். எட்டு மாதம் என்றேன். "குட்டிதானே, தேறிவிடும். கொஞ்ச நேரம் வெளியே விடு, புல்லுத் தின்னட்டும்" என்றார்.

இந்தக் கதையை நான் எத்தனையோ விருந்துகளில் சொல்லிச் சிரிக்க வைத்திருக்கிறேன். ஈவா வளர்ந்த பிறகு அவள் சிரிப்பதை நிறுத்திவிட்டாள். நான் தமிழில் கேட்டால் நோர்வேஜிய மொழியில் பதில் வரும். பல்கலைக்கழகத்தை இரண்டு தரம் மாற்றி, மூன்றாம் தரம் நிறுத்தினாள். இருபத்திரண்டு வயதில் சாப்பாட்டு மேசையில் எனக்கு எதிரே இருந்து தொலைபேசியைப் பார்ப்பாள்.

வதனி மன்னாருக்குத் திரும்பி அரசாங்க மிருக வைத்தியராக இருந்தாள். கலியாணம் கட்டவில்லை. நத்தார்ப் பண்டிகைக்கு நான் வாழ்த்து அனுப்புவேன், பொங்கலுக்கு அவள் அனுப்புவாள். மாட்டுக்கும் ஆட்டுக்கும் ஊசி போட்டுக்கொண்டு திரிகிறாள், பாவம் என்று அன்ரனிடம் சொல்வேன். அப்படிச் சொல்ல எனக்குச் சுகமாக இருந்தது.

4

போன வருடம் அவளிடமிருந்து ஒரு நீண்ட மின்னஞ்சல் வந்தது. தலைமன்னார்ப் பழைய இறங்குதுறைப் பக்கம் விசர்நாய்த் தடுப்பூசி போடப் போயிருக்கிறாள். பொழுது சாயும் நேரம். மீனவர்கள் எறிந்த மீன் தலைக்கு நாய்கள் ஓடின. பகலில் நன்றாக ஓடித் திரிந்த சில நாய்கள் வள்ளங்களில் முட்டி விழுந்தன. அங்கேயிருந்த சவிரி என்ற மீனவரைக் கேட்டாளாம்.

"அது அந்த வெள்ளைப் பெட்டை நாயின்ர வம்சம், டொக்டர்" என்றாராம் அவர். "பொழுதுபட்டால் கண் தெரியாது. அதின்ர தாய்க்கும் அப்பிடித்தான்."

வதனி சும்மா விடவில்லை. பஞ்சை உருட்டி நாயின் முகத்துக்கு நேரே விழவிட்டுப் பார்த்தாள். பஞ்சு சத்தமில்லாமல் விழும்; பார்வை உள்ள நாய் அதைக் கண்ணால் தொடரும். பகலில் எல்லா நாயும் தொடர்ந்தன. மாலையில் பதினொரு நாய்கள் தொடரவில்லை. சவிரியை இருத்திவைத்து, எந்த நாய்க்கு எது தாய் என்று நான்கு தலைமுறைக்கு வரைபடம் கீறியிருந்தாள். கொப்பித் தாளைப் படமெடுத்து இணைத்திருந்தாள்.

"இது உன்ர பாடம்தானே மெற்றி" என்று எழுதியிருந்தாள். "ரத்தம் அனுப்பிறன். பாத்துச் சொல்லு."

அந்த வரைபடத்தை நான் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். குருட்டு நாய்களைத் தேடி எத்தனை வளர்ப்போருக்குக் கடிதம் எழுதியிருக்கிறேன். அவள் ஒரு பின்னேரத்தில், கையில் பஞ்சோடு, நான்கு தலைமுறையைக் கண்டுபிடித்திருக்கிறாள்.

இரத்தம் அனுப்புவது லேசாக இருக்கவில்லை. வில்பத்துக் காட்டுப் பக்கம் என்பதால், இரத்தம் எடுத்த நாய்கள் நரியோ வேறு வனவிலங்கோ அல்ல, நாய்களே என்று உறுதிப்படுத்தும் கடிதம் வேண்டும் என்று அங்கே ஒரு கந்தோரில் கேட்டார்கள். நாய் நாய்தான் என்று வதனி கையொப்பம் வைத்துக் கொடுத்தாள். இங்கே இறக்குமதிப் படிவத்தில் இனம், உரிமையாளர் என்ற இரண்டு கட்டங்கள். அவள் இனத்துக்கு 'நாய்' என்றும் உரிமையாளருக்கு 'ஊர்' என்றும் எழுதியிருந்தாள். படிவம் திரும்பி வந்தது. கடைசியில் பெட்டி வந்து சேர்ந்தபோது ஐஸ் எல்லாம் உருகிப் பத்து நாளாகியிருந்தது.

5

சூட்டில் கிடந்தாலும் இரத்தத்தில் மரபணு அவ்வளவு கெதியில் அழியாது. என் துறையில் எல்லோருக்கும் இது தெரியும். பரிசோதித்தேன். தெரிந்த பிழைகள் ஒன்றும் அந்த நாய்களில் இல்லை. முழு மரபணுத் தொடரையும் வாசித்தோம். மாலைக்கண் உள்ள நாய்கள் எல்லாவற்றிலும் ஒரே இடத்தில் ஒரு சிறு துண்டு குறைந்திருந்தது. கண் தெரியும் நாய்களில் அந்தத் துண்டு இருந்தது. உலகத்தில் இதுவரை ஒருவரும் காணாத பிழை.

ஐப்பசி மாதத்து வெள்ளிக்கிழமை ஒன்றில், பின்னேரம் மூன்று மணிக்கு அதைக் கண்டேன். கந்தோரில் எல்லோரும் வீட்டுக்குப் போய்விட்டார்கள். சந்தோஷம் வரும் என்று காத்திருந்தேன். வந்தது அந்த ஆறு குட்டிகளின் நினைப்புத்தான். அன்றைக்கு எனக்குப் பதிலாக வதனி இங்கே வந்திருந்தால் என்னவெல்லாம் கண்டிருப்பாள் என்ற எண்ணம் வந்தது. இந்த மேசை, இந்தக் கதிரை, சுவரில் மாட்டிய என் சான்றிதழ்கள் எல்லாம் அவளுடையவை என்று ஒரு குரல் சொன்னது.

அன்றைக்கே அவளுக்கு எழுதினேன்: "ரத்தம் பழுதாகிவிட்டது. ஒன்றும் எடுக்க முடியவில்லை. மன்னித்துக்கொள்."

களவாக என் பெயரில் வெளியிடும் எண்ணம் இருக்கவில்லை. அவளுக்கு அது கிடைக்கக் கூடாது, அவ்வளவுதான். ஒரு மணித்தியாலத்தில் பதில் வந்தது.

"பரவாயில்லை. மாரி முடிய நான் திரும்ப எடுக்கிறன்."

6

தை மாதம் ஈவா மன்னாருக்குப் போனாள். வேலையும் இல்லை, படிப்பும் இல்லை, ஒருமுறை ஊரைப் பார்க்கப்போகிறேன் என்றாள். பள்ளிமுனையில் என் அண்ணன் வீட்டில் தங்கினாள். இரண்டு கிழமையில் அலுத்துப்போய்த் திரும்பிவிடுவாள் என்று நினைத்தேன். அண்ணனின் ஆட்டுக்குட்டிக்குச் சுகமில்லாமல் அவள் அதைத் தூக்கிக்கொண்டு வதனியிடம் போனதிலிருந்து எல்லாம் மாறியது. ஒவ்வொரு நாளும் வதனியின் மோட்டார் சைக்கிளில் பின்னால் ஏறிப் போனாள். எனக்கு வரும் படங்களில் எல்லாம் நாயோ வதனியோ இருப்பார்கள்.

பங்குனியில் ஒருநாள் மத்தியானம் அழைப்பு வந்தது. ஈவா தமிழில் பேசினாள்.

"அம்மா, பயப்பிடாதேங்கோ. ஒரு நாய் என்னைச் சாப்பிட்டிட்டுது."

பின்னால் வதனியின் குரல் கேட்டது: "சாப்பிடேல்லையடி, கடிச்சது. கடிச்சது எண்டு சொல்லு."

இருவரும் சிரித்தார்கள். கெண்டைக்காலில் ஆழமான கடி. ஆஸ்பத்திரியில் ஊசி போட்டுக் கட்டியிருந்தார்கள். இன்னும் மூன்று ஊசி போட வேண்டும். கடித்த நாயைக் கட்டிவைத்துப் பார்க்கிறார்கள். நாய் எப்படிக் கடித்தது என்று கேட்டேன்.

"தலைமன்னார்ல ரத்தம் எடுத்தனாங்கள் அம்மா. உங்களிட்ட வந்தது பழுதாப்போச்சுதானே. வதனி அன்ரி திரும்ப எடுக்கிறா. நான் பிடிச்சனான்."

அடுத்த நாளே விமானம் ஏறினேன்.

7

அண்ணன் வீட்டு விறாந்தையில் ஈவா காலை நீட்டிக்கொண்டு இருந்தாள். வதனி பக்கத்தில் இருந்து தோடம்பழம் உரித்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். தலை முக்கால்வாசி நரைத்திருந்தது. ஈவா என்னைக் கட்டிப்பிடித்தாள். மூன்று நாளும் என்னோடு தமிழில்தான் பேசினாள். "ஓம் அம்மா", "வாறன் அம்மா" என்றாள். இருபத்திரண்டு வருடம் நான் கெஞ்சியும் வராத சொற்களை வதனி இரண்டு மாதத்தில் அவள் வாயில் வைத்திருந்தாள். என் சந்தோஷத்தை எல்லோரும் பார்த்தார்கள். என் வயிறு எரிந்ததை ஒருவரும் பார்க்கவில்லை.

நான்காம் நாள் வதனி தனியாகத் தலைமன்னாருக்குப் புறப்பட்டாள். "இனி ஒருத்தற்ர பிள்ளையையும் கூட்டிக்கொண்டு போகமாட்டன்" என்றாள். நான் வந்து பிடிக்கிறேன் என்றேன். ஏற இறங்கப் பார்த்துவிட்டு ஏறச் சொன்னாள்.

கடற்கரையில் சவிரி நாய்களைப் பிடித்துக் கட்டியிருந்தார். முதல் நாயை நான் பிடித்த பிடியில் அது உதறிக்கொண்டு ஓடியது. "இந்த அம்மா ஒரு நாய் டொக்டர் எண்டல்லோ சொன்னவை?" என்று சவிரி கேட்டார். வதனி என் கையை எடுத்து, நாயின் கழுத்துக்குக் கீழே எப்படி அணைப்பது என்று வைத்துக் காட்டினாள். இருபத்தைந்து வருடத்தில் நான் ஒழுங்காகத் தொட்ட முதல் நாய் அது. அதன் இதயம் என் முழங்கையில் அடித்தது.

ஐந்தாவது நாய்க்கு ஊசி ஏறும்போது சொன்னேன்.

"வதனி, இந்த ரத்தம் தேவையில்லை."

"ஏன்?"

"முதல் வந்ததே நல்லாத்தான் இருந்தது."

அவள் ஊசியை எடுக்கவில்லை. குழாய் நிரம்பும்வரை இருந்தாள். பஞ்சை வைத்து அழுத்தினாள். நாயை அவிழ்த்துவிட்டாள். பிறகுதான் என்னைப் பார்த்தாள்.

"என்ன கண்டனீ?"

சொன்னேன். எந்த மரபணு, எந்த இடம், எவ்வளவு நீளத் துண்டு என்று எல்லாம் சொன்னேன்.

"புதுசோ?"

"புதுசு. உலகத்தில ஒருத்தரும் காணேல்லை."

அவள் வள்ளத்தின் விளிம்பில் இருந்துவிட்டாள். அவள் முகத்தில் வந்த சிரிப்பை நான் விபரிக்க முடியாது. என் இரண்டு கண்டுபிடிப்புகளின்போதும் எனக்கு அப்படி ஒரு சிரிப்பு வந்ததில்லை. அந்த நேரத்திலும் எனக்குப் பொறாமையாக இருந்தது. பிறகு அந்தச் சிரிப்பு அப்படியே நின்றது.

"எத்தினை மாசம்?"

"ஐஞ்சு."

"ஏன் மெற்றி?"

"பட்டியல்ல நீ முதலாவதா வந்தனீ. நான் போனனான்."

"அது ஆமியும் கந்தோருகளும் செய்த வேலை. அதுக்கு நான் உன்னை ஒருநாளும் குறை நினைக்கேல்லை." எழுந்து ஊசிகளைப் பெட்டியில் அடுக்கினாள். "இது நீ செய்தது. அந்தப் பிள்ளை நாய்க்குக் கீழ கிடந்து கத்தினது என்ர காதுக்கை இன்னும் கேக்குது. அந்தக் கடி தேவையில்லாத கடி."

பள்ளிமுனையில் என்னை இறக்கிவிட்டுச் சொன்னாள்: "ஈவாட்டை நீயே சொல்லு. நான் சொல்லமாட்டன். நான் சொன்னால் அவள் என்னோட இன்னும் ஒட்டிக்கொள்ளுவாள். அதையும் நீ தாங்கமாட்டாய்."

அன்று மாலையே ஈவாவிடம் சொன்னேன். முழுவதையும் கேட்டாள். கட்டுப் போட்ட காலைப் பார்த்துக்கொண்டு இருந்தாள். பிறகு, அத்தனை நாளுக்குப் பிறகு, நோர்வேஜிய மொழியில் ஒரு வசனம் சொன்னாள்.

"நீ வீட்டுக்குப் போகலாம்."

8

நோர்வேக்குத் திரும்பி வந்த அன்றைக்கே முடிவுகள் எல்லாவற்றையும் வதனிக்கு அனுப்பினேன். அவள் கட்டுரையை எழுதினாள். சந்தேகங்களை மட்டும் கேட்பாள். நான் பதில் எழுதுவேன். சுகம் விசாரிப்பதில்லை. என் விளக்கம் ஒன்றில் பிழை இருப்பதையும் அவள்தான் கண்டுபிடித்தாள். அவள் சொன்னது சரியாக இருந்தது. அன்றைக்கும் சாப்பாடு இறங்கவில்லை.

ஈவா திரும்பவில்லை. விசாவை நீட்டுவதற்காகக் கொழும்புக்கும் மன்னாருக்கும் அலைகிறாள். வதனி தன் வீட்டில் அவளுக்கு ஓர் அறை கொடுத்திருக்கிறாளாம். அடுத்த வருடம் மிருக வைத்தியத்துக்கு விண்ணப்பிக்கப் போவதாக அன்ரனிடம்தான் சொன்னாள். ஞாயிற்றுக்கிழமைகளில் அவருக்குத் தொலைபேசி எடுப்பாள். கடைசியில் அவர் தொலைபேசியை என்னிடம் தருவார். காலநிலை பேசுவோம்.

கேக் வெட்டிய கிழமை வதனி எனக்குத் தொலைபேசி எடுத்தாள். நான் மன்னாரிலிருந்து வந்த பிறகு முதல்முறையாக அவள் குரலைக் கேட்டேன். கட்டுரையை ஏற்றுக்கொண்டுவிட்டார்கள், பெயர்களின் வரிசையை உறுதிப்படுத்த வேண்டும் என்றாள். அவள் பெயர் முதலாவது. பிறகு ஈவா. நன்றிப் பகுதியில் சவிரி. என் பெயரை எப்படி எழுதுவது என்று கேட்டாள்.

பல நாளாக யோசித்து வைத்திருந்த பதிலைச் சொன்னேன். "என்ர பேர் வேண்டாம், வதனி. எனக்கு அந்தத் தகுதி இல்லை. எடுத்துவிடு."

"எடுக்கமாட்டன்" என்றாள். "எடுத்தால் நீ நல்லவளாகிடுவாய். வேலை செய்தனீ, பேர் இருக்கும். வாசிக்கிற நேரமெல்லாம் உனக்கு உறைக்கட்டும்."

தொலைபேசியை வைத்துவிட்டாள். அவள் சொன்னது முழுக்கச் சரி. நல்லவளாகிவிடத்தான் பார்த்தேன். அது எனக்கே தெரிந்திருக்கவில்லை. அதையும் அவள்தான் எனக்கு முன்பே கண்டுபிடித்தாள்.